13வது கோரில் வந்த குமிழி: ஒரு ராத்திரி ஸ்ப்ளைசிங் பதிவு

ஸ்ப்ளைசிங் என்றால், அறுந்த கேபிளுக்குள் இருக்கிற கண்ணாடி இழைகளை ஆர்க் என்கிற மின்பொறியில் உருக்கி ஒன்றோடொன்று ஒட்டுகிற வேலை. ஒரு இழை ஒரு கோர், 12 கோர் சேர்ந்து ஒரு டியூப். முதல் டியூபின் 12 கோரும் சொன்னபடி கேட்டன. ஒவ்வொன்றுக்கும் ஒளி நட்டம் 0.01, 0.02 டிபி (டெசிபல்) என்று ஒட்டுகிற மெஷின் காட்ட, நானும் தம்பியும் பேசிக்கொண்டே வேலையை ஓட்டினோம். இரண்டாவது டியூபின் நீலத்தை, அதாவது 13வது கோரை, வைத்து மூடியை இறக்கினேன். ஆர்க் அடித்து முடிந்ததும் திரையில் ஃபைபரின் நடுவே கடுகு மாதிரி ஒரு குமிழி. வெட்டிவிட்டு மறுபடி ஒட்டினேன். மறுபடி குமிழி. மூன்றாம் முறை குமிழி இல்லை, ஆனால் ஒட்டிய இடத்தில் புகை படிந்த மாதிரி ஒரு நிழல். மணி 1.40. இதையும் சேர்த்து 84 ஜாயிண்ட் பாக்கி.

இடம் சிங்கப்பூரில் காக்கி புக்கிட் பக்கம் ஒரு தொழிற்பேட்டைச் சாலை. சாலையோரம் தோண்டிய மண்வாரி இயந்திரம் 48 கோர் கேபிள் ஒன்றைக் கவ்வி இழுத்துவிட்டது. வெட்டுப்பட்ட கேபிளைவிட இழுபட்ட கேபிள் மோசம். அறுந்த இடம் கண்ணுக்குத் தெரியும். அதற்கு இரண்டு பக்கமும் உள்ளே இருக்கிற கண்ணாடி என்ன பாடுபட்டிருக்கிறது என்று வெளியே இருந்து சொல்ல முடியாது. இன்றைக்கு ஒட்டும், சில மாதம் கழித்துத் தானாக முறியும். அதனால் அறுந்த இடத்தில் ஒட்டுப் போடாமல், மேன்ஹோலுக்கு மேன்ஹோல் 45 மீட்டர் துண்டையே மாற்றுவதென்று முடிவு. இரண்டு முனையிலும் ஒரு கிளோஷர் (ஒட்டுகளை உள்ளே வைத்து மூடுகிற பெட்டி), ஒவ்வொன்றிலும் 48 ஜாயிண்ட், ஆக 96.

பழைய கேபிள் ஜி.652.டி ரகம், டியூபுக்குள் ஜெல் நிரப்பியது. கிடங்கில் உடனே கிடைத்த புதுக் கேபிள் ஜி.657.ஏ2. வளைவைத் தாங்குகிற ரகம், உள்ளே ஜெல் கிடையாது. இந்த இரண்டு வித்தியாசமும் அன்றிரவு தனித்தனியாக எங்களைப் படுத்தின.

என்னோடு வந்த தம்பி புதுக்கோட்டைக்காரர். இந்த வேலைக்கு வந்து நாலு மாதம். கை சுத்தம், பொறுமை உண்டு, கேள்வி கேட்க வெட்கப்படமாட்டார். மேன்ஹோல் தண்ணீரை இறைத்து, வாயு மீட்டர் வைத்துப் பார்த்து, கேபிளின் உபரிச் சுருளை மேலே இழுத்து வேனுக்குள் கொண்டுவரவே மணி 11.30 ஆகிவிட்டது. மேன்ஹோலுக்குள் உட்கார்ந்து ஸ்ப்ளைஸ் செய்கிற வீரமெல்லாம் எனக்குக் கிடையாது. மேலே கொண்டுவர ஒரு மீட்டர் நீளம் இருந்தாலும் வேனில்தான் வேலை.

குமிழிக்குப் போவதற்கு முன், அன்றிரவின் முதல் தடங்கலைச் சொல்லிவிடுகிறேன். அது ஒட்ட ஆரம்பிக்கும் முன்பே வந்தது. மெஷினைப் பெட்டியிலிருந்து எடுத்து ஆன் செய்தால் திரையில் படம் முழுக்கப் பனிமூட்டம். தம்பி லென்ஸ் கெட்டுவிட்டது என்று நினைத்துவிட்டார். லென்ஸுக்கு ஒன்றுமில்லை. அலுவலகத்தில் ஏர்கானில் கிடந்த மெஷின், வழியெல்லாம் வேனின் ஏர்கானில் வந்தது. பெட்டியைத் திறந்ததும் சிங்கப்பூர் ராத்திரிக் காற்று அதன்மேல் பட்டது. இங்கே காற்றில் இருக்கிற ஈரத்துக்கு, ஏறக்குறைய 24 டிகிரிக்குக் கீழே குளிர்ந்த எந்தப் பொருளின் மேலும் நீர் கோத்துவிடும். ஐஸ் மைலோ கோப்பைக்கு வெளியே வேர்க்கிறதே, அதே கதைதான். அது லென்ஸில், கண்ணாடியில், ஃபைபர் உட்காரும் வி பள்ளத்தில் எல்லாம் நடக்கும்.

அந்த நேரத்தில் துணியை எடுத்து லென்ஸைத் துடைக்கப் போகக் கூடாது. தூசியும் ஈரமும் சேர்ந்து சேறாகும். மூடியைத் திறந்து வைத்து, வேனின் ஏர்கானை அணைத்து, 20 நிமிஷம் சும்மா விட்டோம். மெஷின் வெளிக்காற்றின் சூட்டுக்கு வந்ததும் படம் தானாகத் தெளிந்தது. அப்புறம் ஆர்க் கேலிபரேஷன். காற்றின் சூடு, ஈரம், அழுத்தம் மாறினால் ஆர்க்கின் பலமும் மாறும். மெஷின் அதைத் தன் சென்சார்களை வைத்து ஓரளவு சரிக்கட்டும். இருந்தாலும் ஏர்கான் அறையிலிருந்து வெளியே வந்த நாளில் இந்தச் சோதனையைத் தவிர்ப்பதில்லை என்பது என் வழக்கம். ஏர்கான் அணைந்ததும் தம்பி ஒரு சின்ன மின்விசிறியை எடுத்து மாட்டினார். அதையும் மெஷின் பக்கம் திருப்பக் கூடாது என்று சொல்லிவைத்தேன். காற்று மூடியின் இடுக்கில் புகுந்தாலும் ஆர்க் ஆடும். ஆக, இரண்டு பேரும் பனியன் நனைய உட்கார்ந்திருந்தோம்.

சரி, குமிழி.

இங்கே நான் செய்த தப்பை மறைக்காமல் எழுதிவிட வேண்டும். 14 வருஷ அனுபவம் என்று சொல்லிக்கொள்கிற ஆள், இரண்டு குமிழியையும் ஒரு நிழலையும் பார்த்ததும் நேராக மெனுவுக்குள் போய் ஆர்க்கின் பலத்தைக் கூட்டினேன். நேரம் போகிறது, 48 கோரும் செத்துக் கிடக்கின்றன, போன் அடித்துக்கொண்டே இருக்கிறது. கூட்டியதும் அடுத்த ஜாயிண்டில் குமிழி கொஞ்சம் சின்னதானது. ஆஹா என்று இன்னும் கூட்டினேன். அதற்கடுத்தது நடுவில் இடுப்பு சிறுத்துப் போனது. மூன்றாவதில் இரண்டு முனையும் ஒட்டவே இல்லை. ஒவ்வொன்றும் தீக்குச்சித் தலை மாதிரி உருண்டு, ஒன்றையொன்று பார்த்துக்கொண்டு நின்றது. சூடு அதிகமாகி, கண்ணாடி சேருவதற்கு முன்பே உருகிப் பின்வாங்கினால் இப்படி ஆகும். ஃபைபர் பிடியிலிருந்து வழுக்கினாலும் இதே உருவம் வரும்.

“அண்ணே, முதல் டியூப் நல்லாத்தானே வந்துச்சு? மெஷின்ல என்ன மாறிச்சு?” என்றார் தம்பி.

நான் கேட்டிருக்க வேண்டிய கேள்வி. மெஷினில் ஒன்றும் மாறவில்லை. அப்படியென்றால் மெஷினைத் தொடுவது தப்பு. எல்லா அளவுகளையும் பழையபடி வைத்துவிட்டு, வேறு மாதிரி தேட ஆரம்பித்தோம். புதுக் கேபிளின் துண்டு இரண்டை எடுத்து ஒன்றோடொன்று ஒட்டிப் பார்த்தோம்: சுத்தம். அதே மெஷின், இழையின் முனையை வெட்டுகிற அதே கிளீவர், அதே கை. அடுத்து பழைய கேபிளின் இரண்டாவது டியூபிலிருந்து இரண்டு துண்டு, பழையதோடு பழையது: குமிழி. ஆக, நோய் பழைய ஃபைபரின் பக்கம். கண்ணாடியே கெட்டிருக்குமா? முதல் டியூபும் அதே கேபிள்தான், அது ஒழுங்காக வந்தது. இரண்டு டியூபுக்கும் நடுவில் மாறியது ஒன்றே ஒன்று. முதல் டியூபின் ஜெல்லை நான் துடைத்தேன், இரண்டாவதைத் தம்பி துடைத்தார்.

பழைய ஃபைபர் ஒன்றை, உரித்து ஆல்கஹால் போட்ட பிறகு, மூக்கருகே கொண்டுபோனேன். ஆரஞ்சுத் தோல் வாசனை.

ஜெல்லைக் கரைக்கிற திரவம் எங்களிடம் இருப்பது ஆரஞ்சு எண்ணெய் வகை. ஜெல்லை நன்றாகக் கரைக்கும், ஆனால் தானும் மெல்லிய படலமாகத் தங்கிவிடும். அதைப் போட்டால், பிறகு உலர்ந்த துணி, அதற்குப் பிறகு ஆல்கஹால் நனைத்த புதுத் துணி என்று இரண்டு சுற்றாவது துடைத்தெடுக்க வேண்டும். அதுவரை போட்டிருந்த கையுறையையும் கழற்றி எறிய வேண்டும். தம்பி துணியை மாற்றியிருந்தார், கையுறையை மாற்றவில்லை. அந்தக் கையுறையோடு ஆல்கஹால் பாட்டிலின் வாயை அழுத்தியிருந்தார். பாட்டிலுக்கே ஆரஞ்சு வாசனை வந்துவிட்டது. ஆக, சுத்தம் செய்கிறோம் என்று நினைத்து எண்ணெய் தடவிக்கொண்டிருந்தோம். அந்த எண்ணெய் ஆர்க்கின் சூட்டில் ஆவியாகி, உருகிய கண்ணாடிக்குள் மாட்டிக்கொண்டு குமிழியானது.

அவரைக் குற்றம் சொல்லிப் பயனில்லை. கையுறை விஷயத்தை நான் சொல்லிக்கொடுக்கவே இல்லை. எனக்குப் பழகிப்போய், அது ஒரு படி என்பதே மறந்துவிட்டது.

பாட்டிலில் இருந்ததைக் கொட்டிவிட்டு, முத்திரை உடைக்காத புதுப் புட்டியைத் திறந்தோம். ஆல்கஹாலைப் பற்றி இன்னொன்று. ஸ்ப்ளைஸுக்கு 99 சதவீத ஐசோபுரோப்பைல் ஆல்கஹால் வேண்டும். மருந்துக்கடையில் கிடைக்கிற 70 சதவீதத்தில் மீதி பெரும்பாலும் தண்ணீர், அது காயும்போது கறை விடும். 99 சதவீதமும் திறந்து வைத்தால் காற்றின் ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும், இந்த ஊரில் கேட்கவே வேண்டாம். பெரிய கேன் வாங்கிச் சிக்கனம் பிடிப்பதைவிடச் சின்னப் புட்டியாக வாங்குவது மேல். ஒழுங்காகச் சுத்தமான கண்ணாடியை நனைந்த துணியால் பிடித்து இழுத்தால் ‘கீச்’ என்று ஒரு சத்தம் வரும். தம்பிக்கு அன்றைக்கு அந்தச் சத்தத்தைக் கேட்கப் பழக்கினேன். அதன் பிறகு 13வது கோர் ஒரே தடவையில் ஒட்டியது.

ஃபைபர் வேலையில் வரிசை முக்கியம். ஸ்லீவை, அதாவது ஒட்டின்மேல் பிறகு சூடாக்கிப் பொருத்துகிற பாதுகாப்புக் குழாயை, கோர்த்துவிட வேண்டும், பூச்சை உரிக்க வேண்டும், துடைக்க வேண்டும், அப்புறம்தான் கிளீவ், அதாவது முனையை வெட்டுவது. கிளீவ் செய்த முனையை மறுபடி துடைக்கக் கூடாது. ஒருமுறை வெட்டிவிட்டால் அந்த முனை மெஷினின் பிடிக்குள் உட்காரும்வரை எதன்மேலும் படக் கூடாது, வி பள்ளத்தின் சுவரில்கூட. முனையைப் பள்ளத்தின் வழியே தள்ளிக்கொண்டு போகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். மேலிருந்து இறக்கி வைக்க வேண்டும். தள்ளினால் பள்ளத்தில் இருக்கிற தூசியை முனை வாரிக்கொண்டு போகும்.

கிளீவர்தான் இந்தத் தொழிலின் உயிர் என்பது என் கட்சி. எல்லாரும் மெஷினின் விலையைப் பேசுவார்கள். 125 மைக்ரான் பருமனுள்ள கண்ணாடியில், 9 மைக்ரான் அளவுள்ள நடுப்பகுதியில்தான் ஒளி போகிறது. அந்த முனை கண்ணாடித் தகடு மாதிரி தட்டையாக இல்லாவிட்டால் எந்த மெஷினும் காப்பாற்றாது. கிளீவர் கண்ணாடியை அறுப்பதில்லை. பிளேடு ஒரு நகக்கீறல் போடுகிறது, அதற்குப் பிறகு வளைவும் இழுப்பும் சேர்ந்து அதை முறிக்கின்றன. கீறல் ஆழமானால் முனையில் சொரசொரப்பு வரும். இழுப்பு கோணலானால் முனை சாயும், ஓரத்தில் உதடு மாதிரி ஒரு துருத்தல் நிற்கும். மெஷின் இரண்டு பக்கக் கோணத்தையும் அளந்து காட்டும். அரை டிகிரிக்குள் இருந்தால் மனசு நிம்மதி. 1 டிகிரியைத் தாண்டினால் நான் மறுபடி வெட்டிவிடுவேன்.

அன்று மூன்றாவது டியூபில் கோணம் 1.2, 1.4 என்று ஏற ஆரம்பித்தது. இடது, வலது இரண்டு பக்கமும் ஏறினால் சந்தேகம் கிளீவர் மேல். ஒரு பக்கம் மட்டும் ஏறினால் அந்தப் பக்கத்து ஹோல்டரில் ஃபைபர் உட்கார்ந்த விதம், அல்லது அதில் அப்பியிருக்கிற பூச்சுத் துகள். எங்களுக்கு இரண்டு பக்கமும். பிளேடைத் திருப்பலாம் என்று தம்பி ஸ்க்ரூ டிரைவரைத் தேடினார். எங்கள் கிளீவரின் வட்டப் பிளேடுக்கு 16 நிலைகள் உண்டு, ஒரு நிலை மழுங்கினால் அடுத்ததற்குத் திருப்பலாம். பொறு என்றேன். முதலில் ஃபைபரைப் பிடிக்கிற ரப்பர் பட்டைகளைப் பஞ்சுக் குச்சியால் துடைத்தோம். பஞ்சு கறுப்பாக வந்தது, பழைய கேபிளின் ஜெல்தான். ரப்பரில் ஜெல் இருந்தால் ஃபைபர் வழுக்கும், இழுப்பு ஒரே சீராக இருக்காது. துடைத்த பிறகு கோணம் 0.3க்கு இறங்கியது. பிளேடைத் தொடவே இல்லை. சும்மா சும்மா பிளேடைத் திருப்புகிறவர்களால்தான் பிளேடு ஒரு வருஷம் வரவேண்டியது மூன்று மாதத்தில் தீர்ந்துபோகிறது.

ஆர்க் அடிக்கிற எலக்ட்ரோடு பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. எத்தனை ஆர்க் அடித்தது என்ற எண்ணிக்கையை மெஷினே வைத்திருக்கும். அது வரம்பைத் தாண்டினால் ஜோடியாக மாற்ற வேண்டும், ஒன்றை மட்டும் மாற்றக் கூடாது. ஆர்க் அடிக்கும்போது சரசரவென்று சத்தம் வந்தாலோ, ஒளி ஒரு பக்கம் சாய்ந்தாலோ எண்ணிக்கையைப் பார்க்காமலே மாற்றலாம். அன்றிரவு அந்தக் குமிழிகளுக்குப் பிறகு நுனியில் வெள்ளையாகக் கொஞ்சம் படிந்திருந்தது. சுத்தம் செய்கிற ஆர்க்கைச் சில தடவை ஓட்டினோம், போய்விட்டது.

பழையதும் புதியதும் சேர்ந்த ஜாயிண்டுகளில் திரையில் மெல்லிய நேர்கோடு ஒன்று தெரிந்தது. தம்பி அதையும் வெட்டப் போனார். இரண்டு ரகக் கண்ணாடியின் உள்ளமைப்பு வேறு என்பதால் ஒட்டிய இடத்தில் அப்படி ஒரு கோடு தெரிவது சகஜம். ஏ2 ரகத்தில் நடுப்பகுதியைச் சுற்றி அகழி மாதிரி ஒரு வளையம் உண்டு, அதனால்தான் அது வளைவைத் தாங்குகிறது. ஒரே ரகம் இரண்டை ஒட்டும்போது அந்தக் கோடு வந்தால் வெட்ட வேண்டும். இங்கே விட்டுவிடலாம். இதில் கண்ணை நம்பாமல், பிறகு ஓடிடிஆர் (ஃபைபருக்குள் ஒளியை அனுப்பி, திரும்பி வருவதை வைத்து நட்டத்தை அளக்கிற கருவி) சொல்வதைக் கேட்பதென்று வைத்துக்கொண்டோம்.

ஸ்லீவ் கணக்கு ஒன்றைத் தம்பிக்குக் காகிதத்தில் போட்டுக் காட்டினேன். ஒவ்வொரு பக்கமும் 16 மில்லிமீட்டர் கண்ணாடி வெளியே இருந்தால் ஜாயிண்டின் இரண்டு பக்கமும் சேர்த்து 32. 60 மில்லிமீட்டர் ஸ்லீவ் போட்டால் பக்கத்துக்கு 14 மில்லிமீட்டர் பூச்சின் மேல் உட்காரும், பிடிப்பு பலம். கிளோஷருக்குள் ஒட்டுகளை அடுக்குகிற டிரேயில் இடம் மிச்சப்படுத்த 40 மில்லிமீட்டர் ஸ்லீவ் போட்டால் மிஞ்சுவது பக்கத்துக்கு 4 மில்லிமீட்டர். ஸ்லீவ் சற்று நகர்ந்தாலே ஒரு பக்கம் அம்மணக் கண்ணாடி வெளியே நிற்கும். சின்ன ஸ்லீவ் வேண்டுமென்றால் கிளீவ் நீளத்தையும் 10க்குக் குறைக்க வேண்டும், அப்போது பக்கத்துக்கு 10 கிடைக்கும். வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடிகளில் வீட்டுப் பெட்டிக்குள் வேலை செய்துவிட்டு வந்தவர்கள் சின்ன ஸ்லீவுக்குப் பழகியிருப்பார்கள். மேன்ஹோல் வேலைக்கு வரும்போது ஸ்லீவை மாற்றிவிட்டுக் கிளீவ் நீளத்தை மறந்துவிடுவார்கள், அல்லது அதற்கு நேர்மாறாகச் செய்வார்கள்.

ஹீட்டரில் வைக்கும்போது இரண்டு முனையையும் லேசாக இழுத்துப் பிடித்து இறக்க வேண்டும். தொய்வாக இறக்கினால் உள்ளே ஃபைபர் அலையாக வளைந்து, அப்படியே பசைக்குள் உறைந்துவிடும். வெளியே எடுத்ததும் சூட்டோடு டிரேயில் செருகினால் ஸ்லீவ் வளையும். ஆறட்டும் என்று ஒரு வரிசை வைத்திருந்தோம். அந்த வரிசையில் 22வது கோர் வரவே இல்லை. தம்பி ஸ்லீவைக் கோர்க்க மறந்திருந்தார். அழகாக 0.01 காட்டிய ஜாயிண்டை, ஸ்லீவ் இல்லாததால் வெட்ட வேண்டியதாயிற்று. நான் கொஞ்சம் அதிகமாகவே பேசிவிட்டேன். “முதல் வேலை ஸ்லீவு, ரெண்டாவது வேலை ஸ்லீவு, மூணாவதுதான் ஸ்ட்ரிப்பர்” என்றெல்லாம். அவர் தலையை ஆட்டிக்கொண்டார்.

நடுவில் மழை வேறு. 3 மணிக்குப் பிடித்து அரை மணி நேரம் கொட்டியது. வேன் கதவைச் சாத்தி, கேபிள் நுழைகிற இடுக்கில் பிளாஸ்டிக் பையைச் சுருட்டி அடைத்தோம். இரண்டாவது மேன்ஹோலுக்கு வண்டியை நகர்த்தி, மறுபடி இறைத்து, மறுபடி வாயு பார்த்து, இரண்டாவது கிளோஷர். அங்கே ஜெல்லை நான் ஒருவனே துடைத்தேன், ஒவ்வொரு டியூபுக்கும் ஒரு ஜோடிக் கையுறை. குமிழி ஒன்றுகூட வரவில்லை. 40வது கோரில், அதாவது நாலாவது டியூபின் பழுப்பில், இடது பக்கக் கோணம் 1.8 என்று மெஷின் எச்சரித்தது. கண் எரிச்சல், முதுகுவலி. தொடர் என்கிற பட்டனை அழுத்தினேன். ஒட்டியது. மெஷின் 0.04 என்று போட்டது. போதும் என்று ஸ்லீவுக்குள் தள்ளிவிட்டேன்.

மெஷின் காட்டுகிற அந்த எண் ஒரு மதிப்பீடுதான். அது ஃபைபருக்குள் ஒளியை அனுப்பி அளப்பதில்லை. பக்கவாட்டில் எடுத்த படத்தைப் பார்த்து, நடுப்பகுதி எவ்வளவு விலகியிருக்கிறது, எவ்வளவு சாய்ந்திருக்கிறது, உருவம் எவ்வளவு மாறியிருக்கிறது என்று கணக்குப் போடுகிறது. மாப்பிள்ளையின் போட்டோவைப் பார்த்துக் குணம் சொல்கிற மாதிரி. ஒட்டி முடித்ததும் சுமார் 2 நியூட்டன் விசையில் இழுத்தும் பார்க்கும். உடனே உடைகிற ஜாயிண்ட் அதில் மாட்டும், நட்டம் தருகிற ஜாயிண்ட் மாட்டாது. அதற்கு ஓடிடிஆர்தான்.

எல்லாம் ஒட்டி முடித்ததும் ஒரு முனையில் ஓடிடிஆரை மாட்டினோம். தம்பிதான் ஓட்டினார். முதல் கோரில் எங்கள் இடத்தில் ஒரு படியும் இல்லை, கோடு நேராகப் போனது. “அண்ணே, ரெண்டு ஜாயிண்டும் ஜீரோ!” என்று சந்தோஷப்பட்டார். எனக்குச் சந்தோஷம் வரவில்லை. பல்ஸ் அகலத்தை, அதாவது கருவி அனுப்புகிற ஒளித்துடிப்பு எவ்வளவு நேரம் நீடிக்கிறது என்பதைப் பார்த்தேன்: 500 நானோசெகண்ட். அது ஓடிடிஆர் கோட்டில் ஏறக்குறைய 50 மீட்டர் நீளம். எங்கள் துண்டே 45 மீட்டர்தான். இரண்டு ஜாயிண்டும் ஒன்றாகக் கலந்து, ஒன்றின் மேடும் மற்றதன் பள்ளமும் ஒன்றையொன்று அழித்துவிட்டிருந்தன. 20 நானோசெகண்டுக்கு இறக்கினோம், அது சுமார் 2 மீட்டர். கோடு இரைச்சலாகும் என்பதால் சராசரி எடுக்கிற நேரத்தைக் கூட்டினோம். இப்போது இரண்டும் பிரிந்து நின்றன. முதலாவது 0.25 டிபி லாபம், இரண்டாவது 0.31 டிபி நட்டம்.

லாபம் என்றதும் தம்பி என்னைப் பார்த்தார். ஒட்டுப் போட்ட இடத்தில் ஒளி எப்படிக் கூடும்? கூடாது. ஓடிடிஆர் பார்ப்பது முன்னே போகிற ஒளியை இல்லை, ஃபைபர் சிதறடித்துத் திருப்பியனுப்புகிற துளி ஒளியை. பழைய ஃபைபரில் ஒளி பரவியிருக்கும் வட்டம் 1310 நானோமீட்டர் அலைநீளத்தில் சுமார் 9.2 மைக்ரான், நாங்கள் போட்ட புதியதில் சுமார் 8.6. வட்டம் சின்னதாக இருக்கிற ஃபைபர், சிதறிய ஒளியில் அதிகப் பங்கைத் திரும்பப் பிடித்து அனுப்பும். பெரியதிலிருந்து சின்னதற்குள் நுழையும்போது வெளிச்சம் கூடின மாதிரி தெரியும், சின்னதிலிருந்து பெரியதற்குள் போகும்போது நட்டம் பூதாகாரமாகத் தெரியும். இந்த அளவு வித்தியாசத்துக்கு அந்தப் பொய்ப் படி கிட்டத்தட்ட 0.3 டிபி. உண்மையில் வட்டங்களின் வித்தியாசத்தால் ஆகிற நட்டம் 0.02 டிபிதான். ஒரு முனையிலிருந்து மட்டும் பார்த்துவிட்டு ‘0.31, வெட்டு’ என்று ஆரம்பித்தால் விடிய விடிய வெட்டிக்கொண்டிருக்கலாம், அந்த எண் மாறவே மாறாது. அடுத்த முனையிலிருந்தும் அளந்து, ஒரே ஜாயிண்டின் இரண்டு எண்ணையும் கூட்டி இரண்டால் வகுக்க வேண்டும். முதல் ஜாயிண்ட் அந்தப் பக்கத்திலிருந்து 0.31 நட்டம் காட்டியது. லாபம் 0.25ஐக் கழித்தால் 0.06, பாதி 0.03. நல்ல ஜாயிண்ட்.

அடுத்த முனை 2 கிலோமீட்டர் தள்ளி ஒரு கட்டடத்தின் தொலைத்தொடர்பு அறையில். காவலாளியை எழுப்பி, பெயர் எழுதி, 48 கோரையும் அந்தப் பக்கத்திலிருந்து ஓட்டி முடிக்க நேரம் பிடித்தது. கணக்குப் போட்டதில் எல்லாம் 0.1க்குக் கீழே, இரண்டைத் தவிர.

முதலாவது 31வது கோர், மூன்றாவது டியூபின் சிவப்பு. 1310இல் இரண்டு பக்கச் சராசரி 0.04. அதே இடம் 1550இல் 0.38. அலைநீளம் கூடக் கூட நட்டம் ஏறினால் அது ஒட்டின் குற்றம் இல்லை, எங்கோ வளைந்திருக்கிறது. ஸ்ப்ளைஸ் கெட்டிருந்தால் இரண்டு அலைநீளத்திலும் ஏறக்குறைய ஒரே மாதிரி தெரியும். முதல் கிளோஷரைத் திறந்து பார்த்தால், டிரேயின் மூடிக்குக் கீழே பழைய ஃபைபரின் ஒரு சுற்று பிதுங்கி, மூடியின் கொக்கியில் மாட்டியிருந்தது. புது ஃபைபர் அப்படி மாட்டியிருந்தால் தெரிந்திருக்கவே தெரியாது, ஏ2 தாங்கிக்கொண்டிருக்கும். விரல் நுனியால் எடுத்து உள்ளே விட்டதும் சரியாயிற்று. மெஷினைத் தொடவில்லை.

இரண்டாவது, என் 40வது கோர். இரண்டு பக்கச் சராசரி 0.29, 1310இலும் 1550இலும் அதே கதை. 1.8 டிகிரியைத் தொடர் என்று அழுத்திய அந்த விரலை என்ன செய்வது!

விடிந்த பிறகு இரண்டாவது கிளோஷரை மறுபடி திறந்தோம். சாலையில் லாரிகள் ஓட ஆரம்பித்துவிட்டன. பழுப்பை மட்டும் டிரேயிலிருந்து பிரித்து, பழைய ஸ்லீவோடு சேர்த்து வெட்டி, கண்ணாடித் துணுக்கை மூடி போட்ட புட்டியில் போட்டேன். உரித்தேன், துடைத்தேன், கீச் என்று கேட்டது. கிளீவ் கோணம் இடது 0.2, வலது 0.3. ஒட்டினேன். குமிழியில்லாமல், நிழலில்லாமல், அன்றிரவின் அழகான ஜாயிண்ட் அதுதான். மூடியைத் திறந்து, ஹீட்டர் பக்கம் கொண்டுபோக ஃபைபரைத் தூக்கினேன்.

தம்பி ஒன்றும் பேசவில்லை. ஸ்லீவ் பாக்கெட்டிலிருந்து ஒன்றை எடுத்து என் பக்கம் நீட்டினார்.